காரணம் தெரிந்த பைத்தியங்கள்

"உனக்கென்ன, பித்தம் தலைக்கேறிடுச்சா?" என்று யாரையாவது திட்டும்போது, நமக்கே தெரியாமல் ஒரு பழைய மருத்துவக் கொள்கையைச் சொல்லிக்கொண்டிருக்கிறோம். பித்து, பித்தன், பைத்தியம் எல்லாமே பித்தத்தின் வாரிசுகள். உடம்பில் அந்த நீர் மிஞ்சினால் புத்தி பேதலிக்கும் என்று நம்பிய காலத்தின் சொற்கள் அவை. கிரேக்கர்களும் பித்தத்தைத்தான் கைகாட்டினார்கள். தீராத சோகத்துக்கு அவர்கள் வைத்த பெயர் மெலன்கோலியா. மெலாஸ் என்றால் கறுப்பு, கோலே என்றால் பித்தம்.

இன்று சிரிப்பது சுலபம். ஆனால் பேயிடமும் சாமியிடமும் இருந்த ஒரு விஷயத்தை அவர்கள் உடம்புக்குள் கொண்டுவந்து வைத்தார்கள். கி.மு. 400 வாக்கில் எழுதப்பட்டு, ஹிப்போகிராட்டஸ் பெயரில் வழங்கிவரும் ஒரு நூல் வலிப்பு நோயைப் பற்றியது. கடவுள் தொட்டு வருவது என்று நம்பியதால் அதற்கு அப்போது 'புனித நோய்' என்றே பெயர். நூலாசிரியர் எடுத்த எடுப்பிலேயே மறுக்கிறார்: மற்ற நோய்களைவிட இதில் புனிதம் ஒன்றும் கூடுதலாக இல்லை, காரணம் தெரியாதவர்கள்தான் கடவுளை இழுக்கிறார்கள். அப்புறம் ஒரு சோதனையும் சொல்கிறார். இந்த நோய் ஆடுகளுக்கும் வருகிறது. அப்படிப்பட்ட ஆட்டின் தலையைப் பிளந்து பாருங்கள், மூளை நீர் கோத்து நாறிக்கிடக்கும். மூளையில் சளி அடைப்பதுதான் காரணம் என்று அவர் கொடுத்த விளக்கம் தப்பு. தேடச் சொன்ன இடம் சரி.

மனநோயின் வரலாற்றை வழக்கமாக இருட்டிலிருந்து வெளிச்சத்துக்கு வந்த கதையாகச் சொல்வார்கள். முதலில் பேய், பிறகு சங்கிலி, பிறகு பாரிஸில் பினெல் என்ற நல்ல டாக்டர் வந்து சங்கிலியை அவிழ்த்தார், பிறகு மருந்து. (பிசெத்ர் மருத்துவமனையில் 1797இல் சங்கிலியை அகற்றியவர் டாக்டரே இல்லை. அங்கேயே நோயாளியாகச் சேர்ந்து பின்னர் மேற்பார்வையாளரான பூஸன் என்பவர். பெயர் பினெலுக்குப் போனது.) எனக்கு இந்த வரலாற்றில் வேறொரு கோடு தெரிகிறது. ஒரு பைத்தியத்துக்குத் திட்டவட்டமான காரணம் கிடைத்த நாளிலிருந்து அது மெல்லப் பைத்தியக் கணக்கிலிருந்து வெளியேறிவிடுகிறது. வலிப்பு அப்படித்தான் நரம்பியலுக்குப் போனது. கணக்கில் எப்போதும் மிஞ்சுவது காரணம் பிடிபடாதவை மட்டுமே.

19ஆம் நூற்றாண்டு ஐரோப்பாவின் பைத்தியக்கார விடுதிகளில் ஒருவகை நோயாளிகள் நிறைய இருந்தார்கள். பெரும்பாலும் நடுவயது ஆண்கள். நன்றாகச் சம்பாதித்துக் குடும்பம் நடத்திக்கொண்டிருந்த ஒருவர் திடீரென்று கைக்கு வந்தபடி செலவு செய்வார். தான் பேரரசர், தன்னிடம் கோடிக்கணக்கில் பணம் இருக்கிறது என்பார். நாக்கை நீட்டச் சொன்னால் நாக்கு நடுங்கும். பேச்சு குழறும், எழுதும்போது எழுத்துகள் விட்டுப்போகும், இரண்டு கண்மணிகளும் வெவ்வேறு அளவில் இருக்கும். கடைசியில் கைகால் விழுந்து சில ஆண்டுகளில் இறந்துபோவார். இதற்கு ஜெனரல் பரேசிஸ் என்று பெயர். 1822இல் 23 வயது பெய்ல் என்ற பிரெஞ்சு மருத்துவர், இறந்தவர்களின் மண்டையைத் திறந்து பார்த்து, மூளையைச் சுற்றிய சவ்வு அழன்று தடித்திருப்பதைக் காட்டினார். ஆனாலும் காரணம் கேட்டால் குடி, அதிக உழைப்பு, ஒழுக்கக்கேடு என்று ஆளுக்கொன்று சொன்னார்கள்.

சிபிலிஸ் என்ற பால்வினை நோயாக இருக்கலாம் என்று 1857லேயே சந்தேகம் கிளம்பியது. எளிதில் எடுபடவில்லை. காரணம், தொற்று வந்து பத்து இருபது ஆண்டுகள் கழித்துத்தான் புத்தி தடுமாறும். இளமையில் வந்த புண்ணையும் நடுவயதில் வந்த பேரரசர் கனவையும் யார் முடிச்சுப் போடுவார்கள்? 1905இல் சிபிலிஸ் கிருமி கண்ணில் பட்டது, திருகு கம்பிபோல் சுருண்ட ஒன்று. 1913இல் நொகுச்சி என்ற ஜப்பானிய விஞ்ஞானி, ஜெனரல் பரேசிஸில் இறந்தவர்களின் மூளைத் துண்டுகளைச் சாயம் ஏற்றிப் பார்த்தார். சிலவற்றில் அதே திருகுகள்.

காரணம் தெரிந்தாயிற்று, வைத்தியம்? வியன்னாவில் வாக்னர் யாவ்ரெக் என்ற மனநோய் மருத்துவர், கடும் காய்ச்சல் வந்துபோன நோயாளிகளில் சிலர் தெளிவதை முன்பே கவனித்திருந்தார். 1917இல், போர்முனையிலிருந்து மலேரியாவோடு திரும்பிய ஒரு சிப்பாயின் ரத்தத்தை எடுத்துத் தன் நோயாளிகளுக்கு ஏற்றினார். காய்ச்சல் பலமுறை ஏறி இறங்கியபின் குயினைன் கொடுத்து மலேரியாவை நிறுத்தினார். அந்தச் சூட்டைச் சிபிலிஸ் கிருமி தாங்காது என்பதுதான் கணக்கு. முள்ளை முள்ளால் எடுப்பது என்பார்களே, அதுவேதான். சிலர் மலேரியாவிலேயே இறந்தார்கள், பலர் வேலைக்கே திரும்பினார்கள். 1927இல் நோபல் பரிசு. 1940களில் பென்சிலின் வந்ததும் மலேரியாவும் தேவைப்படவில்லை, அந்தப் பேரரசர்களும் விடுதிகளிலிருந்து மறைந்தார்கள்.

இதே காலத்தில் அமெரிக்காவின் தென்மாநிலங்களில் பெல்லக்ரா. கழுத்திலும் கையிலும் வெயில் படும் இடமெல்லாம் தோல் உரியும், வயிறு போகும், பிறகு புத்தி கலங்கும், பிறகு சாவு. பெரும்பாலோர் இதைத் தொற்று என்றே நினைத்தார்கள். 1914இல் இதை ஆராய அனுப்பப்பட்ட ஜோசப் கோல்ட்பெர்கர் ஒரு சின்ன விஷயத்தைக் கவனித்தார். விடுதிகளில் உள்ளே இருப்பவர்களுக்கு நோய் வருகிறது, அவர்களைத் தொட்டுப் பராமரிக்கும் ஊழியர்களுக்கு வருவதில்லை. இது என்ன கிருமி, ஆள் பார்த்து ஒட்டுகிறது? வித்தியாசம் தட்டில் இருந்தது. உள்ளே இருந்தவர்களுக்குப் பெரும்பாலும் மக்காச்சோள மாவும் சர்க்கரைப் பாகும்தான். தொற்று இல்லை என்று நிரூபிக்க, நோயாளிகளின் ரத்தத்தைத் தனக்கே ஊசிபோட்டுக்கொண்டார். உரிந்த தோலையும் மலத்தையும் மாவில் உருட்டி விழுங்கினார். அவர் மனைவியும் ரத்த ஊசி போட்டுக்கொண்டார். யாருக்கும் பெல்லக்ரா வரவில்லை. குறைந்திருந்த பொருள் நியாசின் என்ற வைட்டமின் என்பது 1937இல்தான் உறுதியானது. கோல்ட்பெர்கர் அதற்கு எட்டு ஆண்டுகள் முன்பே இறந்துவிட்டார்.

பரேசிஸ்போல் ஒரு வெற்றி கிடைத்தால் என்ன ஆகும்? எல்லாப் பூட்டுக்கும் இதே சாவி என்று தோன்றும். நியூஜெர்சியில் ட்ரென்டன் மனநல விடுதியின் தலைவராக இருந்த ஹென்றி காட்டனுக்கு அப்படித்தான் தோன்றியது. பரேசிஸுக்குக் கிருமி காரணம் என்றால் எல்லாப் பைத்தியத்துக்கும் எங்கோ ஒளிந்திருக்கும் கிருமிதான் காரணம். எனவே நோயாளிகளின் பற்களைப் பிடுங்கினார். தெளியாவிட்டால் டான்சில், அதற்கும் மசியாவிட்டால் பெருங்குடல். குடல் அறுவையில் செத்தவர்கள் ஏராளம். தன் மகன்களின் பற்களையும் பிடுங்கியதால், அவர் நம்பித்தான் செய்தார் என்று தெரிகிறது. அதுதான் எனக்கு இன்னும் பயமாக இருக்கிறது.

காரணமே தேடாமல் காலியான கணக்கும் உண்டு. 1851இல் கார்ட்ரைட் என்ற அமெரிக்க மருத்துவர், அடிமைகள் எஜமானரிடமிருந்து தப்பி ஓடுவதையே ஒரு மனநோய் என்று எழுதி, சவுக்கடியைச் சிகிச்சையாகப் பரிந்துரைத்தார். தன்பால் ஈர்ப்பு அமெரிக்க மனநோய்ப் பட்டியலிலிருந்து 1973இல்தான் நீக்கப்பட்டது. கிருமியோ வைட்டமினோ கிடைத்து நடந்ததில்லை இது. நோயே இல்லை என்று ஒப்புக்கொண்டார்கள், அவ்வளவுதான்.

1950களில் மருந்துகள் வந்தன. முக்கால்வாசி தற்செயல்தான். மனச்சிதைவுக்கு (ஸ்கிசோஃப்ரினியா) கொடுக்கும் குளோர்ப்ரோமசீன், அறுவை சிகிச்சையின் அதிர்ச்சியைக் குறைக்கத் தேடியபோது கிடைத்தது. இப்ரோனியசிட் காசநோய்க்குக் கொடுத்தது, நோயாளிகள் உற்சாகமானதைப் பார்த்து மனச்சோர்வுக்குப் போனது. மனச்சோர்வு மருந்து மூளையில் எந்த வேதிப்பொருளைக் கூட்டுகிறதோ, நோய் அதன் பற்றாக்குறைதான் என்று பின்னோக்கிக் கணக்குப் போட்டார்கள். குடை பிடித்தேன், நனையவில்லை, ஆகவே மழை என்பது குடைப் பற்றாக்குறை என்பதுபோல. குடை உதவுகிறது, அதில் சந்தேகமில்லை. மனச்சிதைவு நோயைப் பொறுத்தவரை, 2022இல் வெளிவந்த பெரிய மரபணு ஆய்வு 287 இடங்களைச் சுட்டியது. ஒவ்வொன்றின் பங்கும் துளியூண்டு. ஒற்றைக் கிருமிபோல் பிடித்து வெளியே போட இங்கே ஒன்றும் இல்லை.

ஆனால் வெளியேற்றம் நிற்கவில்லை. 2007இல் ஜோசப் டால்மாவ் குழுவினர் 12 பெண்களைப் பற்றி எழுதினார்கள். பிரமை, கலக்கம், வலிப்பு என்று திடீரென நிலைகுலைந்தவர்கள். ஏறக்குறைய எல்லோருக்கும் சூலகத்தில் டெரடோமா என்ற கட்டி. முடி, பல், நரம்புத் திசு எல்லாம் உள்ளே வளரும் விசித்திரக் கட்டி அது. அந்த நரம்புத் திசுவை எதிர்க்க உடம்பு தயாரித்த ஆயுதங்கள், மூளையில் அதேபோல் இருக்கும் என்எம்டிஏ ஏற்பிகளையும், அதாவது நரம்புச் செல்கள் சேதி வாங்கும் வாசல்களையும், தாக்குகின்றன. கட்டியை எடுத்து, எதிர்ப்பாற்றலை அடக்கும் மருந்து கொடுத்தால் பலர் முழுசாகத் தேறுகிறார்கள். காட்டன் செத்து எழுபது ஆண்டுகளுக்கு மேல் ஆகி, உறுப்பை அறுத்துப் பைத்தியம் தெளிந்த ஒரு நோய் கடைசியில் வந்தே விட்டது.

இன்று ஒருவருக்கு முதன்முதலாகப் புத்தி பேதலித்து மருத்துவமனைக்கு அழைத்துவந்தால், மருத்துவர் பேச்சுக் கொடுத்துக்கொண்டே ஒரு ரத்தப் பரிசோதனைச் சீட்டும் எழுதுவார். தைராய்டு, வைட்டமின் பி12, பல இடங்களில் சிபிலிஸ். சந்தேகம் இருந்தால் என்எம்டிஏ. மனச்சிதைவு என்று எழுதி டிக் அடிக்க அந்தச் சீட்டில் இன்னும் கட்டம் கிடையாது.