வெடிக்காத துப்பாக்கி காட்டும் தவறு

தென்னாப்பிரிக்காவில், டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த்தில் இருக்கும் என் மாமா, வீட்டுக்குள் இரண்டு முறை திருடன் புகுந்த பிறகு லைசென்ஸ் எடுத்து ஒரு கைத்துப்பாக்கி வாங்கினார். பயிற்சித் திடலில் பத்து மீட்டர் தள்ளி வைத்த அட்டையில் அவர் சுட்டதெல்லாம் கீழேயே போய்ப் பட்டது. பயிற்சியாளர் தோட்டா அடுக்கும் மேகசினை வாங்கி, மாமாவுக்குத் தெரியாமல் நிஜத் தோட்டாக்களுக்கு நடுவே ஒரு போலித் தோட்டாவைச் சொருகிக் கொடுத்தார். மூன்றாவது முறை விசையை இழுத்தபோது ‘டிக்’ என்று மட்டும் கேட்டது. வெடிக்கவே இல்லை. ஆனாலும் குழலின் முனை இரண்டு விரற்கடை கீழே குனிந்ததை நான் பக்கத்தில் நின்று பார்த்தேன்.

சத்தம் கேட்டுக் கை அதிர்கிறது என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். நேரத்தைக் கணக்குப் பார்த்தால் அது பொருந்தாது. துப்பாக்கிக்குள் இருக்கும் ஊசி தோட்டாவின் பின்புறத்தைத் தட்டிய ஒன்றிரண்டு மில்லி வினாடிக்குள் குண்டு குழலை விட்டுப் போய்விடும். பெருஞ்சத்தத்துக்குக் கண் இமைப்பதற்கே 30 மில்லி வினாடிக்கு மேல் ஆகும். கை அதைவிட மெதுவு. ஆக, குறியைக் கெடுப்பது வெடிக்குப் பின் வரும் அதிர்ச்சி இல்லை. வெடிக்கப் போகிறது என்று மூளை முன்கூட்டியே செய்யும் ஏற்பாடு. விசை, வெடி, துப்பாக்கி பின்னால் தள்ளும் உதைப்பு மூன்றும் அடுத்தடுத்து வருவதை நாலு தடவை பார்த்தாலே போதும், உதைப்பை அமுக்கக் கை முன்னதாகவே கீழே தள்ளத் தொடங்கிவிடும். மணியோசைக்கே எச்சில் ஊறிய பாவ்லோவின் நாய்கள் ஞாபகம் இருக்கும். இதுவும் அந்த வகைப் பழக்கம்தான்.

வீட்டில் தோட்டா இல்லாமல் செய்யும் ‘டிரை ஃபயர்’ பயிற்சி இந்தப் பழக்கத்தைத்தான் கரைக்கிறது. விசை இழுபடுகிறது, வெடி வருவதில்லை. இப்படிப் பலமுறை நடந்தால் இரண்டுக்கும் இடையே மூளை போட்ட முடிச்சு தளர்கிறது. உதைப்பின் மறைப்பு இல்லாததால் கை செய்யும் சிறு தவறுகூடக் கண்ணுக்குத் தெரிகிறது.

இன்னொன்றும் உண்டு. தோட்டா இல்லாத கைத்துப்பாக்கி பல மாடல்களில் முக்கால் கிலோவுக்குள்தான் இருக்கும். விசையை இழுக்கவோ இரண்டு கிலோவுக்கு மேல் பலம் வேண்டும். தன் எடையைவிடப் பெரிய இழுப்பை ஒரே விரலால் கொடுத்தும் துப்பாக்கி அசையக் கூடாது. குறி பார்ப்பதற்காகத் துப்பாக்கியின் மேல் முன்னும் பின்னும் நீட்டிக்கொண்டிருக்கும் முன் குறிக்கும் பின் குறிக்கும் இடையே 15 செ.மீ. இருந்தால், முன் குறி ஒரே ஒரு மில்லிமீட்டர் விலகினாலும் பத்து மீட்டரில் குண்டு ஆறரை செ.மீ.க்கு மேல் தள்ளிப் போகும். அதனால்தான் மாமா ஒரு ரேண்டு நாணயத்தை, துப்பாக்கியின் மேல்பாகமான ஸ்லைடின் மேல், முன் குறிக்குப் பக்கத்தில், படுக்க வைத்துவிட்டு விசையை இழுக்கிறார். முதல் வாரம் நாணயம் தரையில் உருண்டுகொண்டே இருந்தது. இப்போது ‘டிக்’குக்கு அப்புறமும் அப்படியே கிடக்கிறது.

துப்பாக்கி கெடாதா என்று கேட்பார்கள். இப்போதைய 9 மி.மீ. துப்பாக்கிகள் பெரும்பாலும் தாங்கும். கூட வரும் கையேட்டைப் பார்த்துக்கொள்வது நல்லது. பாயிண்ட் 22 என்ற சின்னத் தோட்டா போடும் துப்பாக்கி விஷயம் வேறு. அதில் ஊசி தோட்டாவின் விளிம்பைத் தட்டும். தோட்டா இல்லாவிட்டால் பலவற்றில் அது இரும்பிலேயே போய் இடித்து மழுங்கும். அதற்கென்று விற்கும் ஸ்னாப் கேப் என்ற போலித் தோட்டாவைப் போட்டுக்கொள்ள வேண்டும்.

உதைப்பைச் சமாளிக்க இந்தப் பயிற்சி கற்றுத் தராது. அதற்குத் திடலுக்குத்தான் போக வேண்டும்.

எனக்குக் கவலை தருவது பயிற்சி முடிந்த அடுத்த நிமிஷம். மறுபடி தோட்டா போட்ட பிறகு, ‘சரி, இன்னும் ஒரே ஒரு தடவை’ என்று கை தானாக விசைக்குப் போகும். விபத்து நடப்பது அங்கேதான். சாட்ஸ்வொர்த்தில் எத்தனையோ வீடுகளுக்குப் பக்கத்து வீட்டோடு பொதுச் சுவர். மாமா அந்தச் சுவர்ப் பக்கம் குழலைத் திருப்புவதே இல்லை. தோட்டாக்களைச் சேஃபில் பூட்டிவிட்டு, வேறு அறைக்குப் போய், துப்பாக்கியில் தோட்டா உட்காரும் இடத்தைத் திறந்து கண்ணால் பார்த்து விரலாலும் தடவிய பிறகே ஆரம்பிக்கிறார். பத்து நிமிஷம் ஆனதும் “முடிஞ்சுது” என்று வாய்விட்டுச் சொல்கிறார். அத்தை சமையலறையிலிருந்து “சரி” என்கிறார். துப்பாக்கி நேராகச் சேஃபுக்குப் போகிறது.