டவர் கிரேனைக் கழற்றும்போது பின்களை ஏன் முன்கூட்டியே எடுக்கக் கூடாது?

டவர் கிரேனை எழுப்பி நிறுத்துவதைவிட, கழற்றி இறக்குவதுதான் சிக்கல். நிறுத்தும்போது சுற்றிலும் வெட்டவெளி. இறக்கும்போதோ பக்கத்திலேயே கட்டடம் எழுந்து நிற்கிறது, கீழே சாலையில் வண்டிகள் ஓடிக்கொண்டிருக்கின்றன.

இந்தக் கிரேன் சும்மா நிற்கும்போதுகூடச் சமநிலையில் இருப்பதில்லை. ஒரு பக்கம் சுமை தூக்கும் நீளமான கை, மறுபக்கம் கான்கிரீட் எதிர் எடைகளோடு குட்டைக் கை. கொக்கியில் ஒன்றும் இல்லாவிட்டால் எதிர் எடை பின்னால் சாய்க்கப் பார்க்கும், முழுச் சுமை தொங்கினால் முன்னால் சாய்க்கப் பார்க்கும். இரண்டையும் தாங்குவது நடுவில் நிற்கும் மாஸ்ட்தான். அதுவும் ஒரே துண்டு இல்லை, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய இரும்புச் சட்டங்கள். மூலைகளில் தடித்த பின்களோ போல்ட்களோ அவற்றைப் பிணைத்திருக்கும்.

உயரத்தைக் குறைக்க, மாஸ்டைச் சுற்றி ஒரு கூண்டு மாட்டுவார்கள். கொக்கியில் குறித்த எடையைத் தொங்கவிட்டு, அதை நீளக் கையில் முன்னும் பின்னும் நகர்த்தி, தராசு போல இரு பக்கமும் சமமாகும் இடத்தைப் பிடிப்பார்கள். அப்புறம் ஹைட்ராலிக் ஜாக்கி மேல்பகுதி முழுவதையும் தாங்கிக்கொள்ளும், அதன் கீழே உள்ள ஒரு துண்டைக் கழற்றி வெளியே எடுத்துவிட்டு, மேல்பகுதியை அடுத்த துண்டின்மேல் இறக்கிப் பூட்டுவார்கள். அந்த நேரத்தில் கிரேனைத் திருப்பவே கூடாது.

போதுமான அளவு தாழ்ந்ததும், மீதியை இறக்க மொபைல் கிரேன், அதாவது இடம்விட்டு இடம் ஓட்டிப் போகக்கூடிய கிரேன் வரும். எதிர் எடைகளை எல்லாம் முதலில் எடுத்தால் கிரேன் முன்பக்கம் சாயும், நீளக் கையை முதலில் எடுத்தால் பின்பக்கம் சாயும். அதனால் கிரேனைத் தயாரித்தவர்களின் கையேட்டில் சொன்ன அளவு எதிர் எடையை மட்டும் விட்டுவைத்து, நீளக் கையை இறக்கி, பிறகு மீதி எடை, குட்டைக் கை, ஆபரேட்டர் கேபின் என்று வரிசையாகப் போக வேண்டும். கடைசியில்தான் மாஸ்ட்.

அமெரிக்காவின் சியாட்டில் நகரில், கூகுள் வளாகம் ஒன்றின் கட்டுமானத்தில், 2019 ஏப்ரல் 27 அன்று இப்படிக் கழற்றிக்கொண்டிருந்த கிரேன் சாலையில் விழுந்தது. கிரேனில் இருந்த தொழிலாளர்கள் 2 பேர், கீழே கார்களில் போன 2 பேர் இறந்தார்கள். வாஷிங்டன் மாநிலத் தொழிலாளர் துறை விசாரித்தது. மாஸ்டின் பின்களையும் அவற்றின் உறைகளையும் ஏறக்குறைய எல்லாவற்றையும் முன்கூட்டியே எடுத்துவிட்டிருந்தார்கள், அந்த நிலையில் அடித்த காற்று கிரேனைத் தள்ளிவிட்டது என்றது அறிக்கை.

காற்று இல்லாவிட்டால் பின் இல்லாத மாஸ்டும் தன் எடையிலேயே நிற்கும், நன்றாக நிற்பது போலவே தெரியும். ஆபத்தே அங்கேதான். பக்கவாட்டில் காற்று தள்ளியதும், காற்று வரும் பக்கத்து மூலைகள் மேலே தூக்கிக்கொள்ளப் பார்க்கின்றன. அந்த இழுப்பைப் பிடித்து வைப்பவை பின்கள் மட்டும்தான். எல்லாவற்றையும் முதலிலேயே உருவி வைத்தால் வேலை வேகமாக முடியும் என்பது உண்மைதான், ஆனால் அந்த நேர மிச்சத்துக்காக யாரையும் அதன்மேல் ஏற்றக் கூடாது. மேல் துண்டை மொபைல் கிரேனின் கொக்கியில் மாட்டி, கயிறு விறைத்து எடையைத் தாங்கிய பிறகு, அந்த ஒரு இணைப்பின் பின்களை மட்டும் எடுக்க வேண்டும். கையேட்டில் உள்ள வரம்பைக் காற்று தாண்டினால் அன்றைக்கு வேலையே கூடாது. கிரேன் விழக்கூடிய தூரம் வரை சாலையையும் மூடிவிட வேண்டும்.