பட்டாபிஷேகக் கல்வெட்டின் முன் ஒரு சார்பதிவாளர்

லக்சரில் நைல் நதியின் மேற்குக் கரையில் இருக்கிறது டெய்ர் எல்-பஹாரி கோயில். அதன் நடுத்தளத்துக்குச் சரிவுப் பாதையில் ஏறி, வலப்புறத் தூண் மண்டபத்துக்குள் நுழைந்தால் ஹட்ஷெப்சுட் அரசியின் பிறப்பும் முடிசூட்டும் சுவரில் செதுக்கப்பட்டிருப்பதைப் பார்க்கலாம். தமிழ்ப் பயணிகளை எகிப்துக்கு அழைத்துச் சென்று விளக்கம் சொல்வது என் தொழில். "தந்தை முதலாம் துத்மோஸ் மகளை அரசவைக்கு அழைத்தார், பெரியவர்கள் முன்னிலையில் இவளே என் வாரிசு என்று அறிவித்து மகுடம் சூட்டினார்" என்று முதல் சில ஆண்டுகள் அந்தச் சுவரின் முன் நின்று சொல்லிக்கொண்டிருந்தேன். கல்வெட்டு அப்படித்தான் சொல்கிறது. நானும் கிளிப்பிள்ளையாக அதையே ஒப்பித்தேன்.

ஒரு குழுவில் ஓய்வுபெற்ற சார்பதிவாளர் ஒருவர் வந்திருந்தார். மற்றவர்கள் நிழல் தேடி ஒதுங்கிய பிறகும், கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு சுவரையே பார்த்தபடி நின்றார்.

"தம்பி, இதை எழுதி வைத்தது அப்பாவா, மகளா?"

"மகள்தான் ஐயா. இது அவர் கட்டிய கோயில்."

"எழுதும்போது அப்பா உயிரோடு இருந்தாரா?"

"இல்லை. இறந்து பல ஆண்டுகள் ஆகிவிட்டன."

"அப்படியானால் சொத்தை அனுபவிக்கிறவரே எழுதிக்கொண்ட உயில் இது. என் மேசைக்கு வந்திருந்தால் திருப்பி அனுப்பியிருப்பேன்."

முப்பது ஆண்டுகள் பத்திரம் பார்த்த கண் அது. நான் படித்த புத்தகங்களிலும் இந்த ஐயம் இருக்கத்தான் செய்தது. பயணிகளிடம் சொன்னால் கதையின் சுவை குறைந்துவிடும் என்று நானே விழுங்கியிருந்தேன். பண்டைய எகிப்தின் முடிசூட்டு வாசகங்களும் அரசாணைகளும் இணையத்திலும் பயணக் கையேடுகளிலும் நேரடிச் செய்திபோலச் சுற்றிக்கொண்டிருப்பதால், அன்று விழுங்கியதை இங்கே எழுதிவிடுகிறேன்.

முதலாம் துத்மோஸ் இறந்தபின் அரியணை ஏறியவர் அவருடைய மகன் இரண்டாம் துத்மோஸ். ஹட்ஷெப்சுட் அவருக்கு ஒரே தந்தைக்கு வேறு தாய் வயிற்றில் பிறந்த சகோதரி, மனைவியும்கூட. இரண்டாம் துத்மோஸும் இறந்தபோது, அவருடைய வேறொரு மனைவிக்குப் பிறந்த சிறுவன் மூன்றாம் துத்மோஸ் மன்னனானான். அந்தக் காலத்தில் வாழ்ந்த இனேனி என்ற அதிகாரி தன் கல்லறையில் இதை எழுதி வைத்திருக்கிறார். மகன் தந்தையின் இடத்தில் நின்றான், ஹட்ஷெப்சுட் நாட்டுக் காரியங்களை நடத்தினார் என்பது அதன் சாரம். முதலாம் துத்மோஸின் கல்லறையை "யாரும் பார்க்காமல், யாரும் கேட்காமல்" குடைய வைத்ததாகப் பெருமை அடித்துக்கொண்ட அதே இனேனிதான். அந்த மன்னருக்கு அவ்வளவு நெருக்கமானவர், மகளுக்கு நடந்த பட்டாபிஷேகத்தைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. காபந்து ஆட்சி நடத்திய ஹட்ஷெப்சுட், சிறுவனின் ஏழாம் ஆட்சியாண்டுக்குள் தாமே முழு மன்னராகிவிட்டார். சுவரில் இருக்கும் கதை அதன்பின் எழுதப்பட்டது.

அந்தக் கதையின் சொற்களும் அவருடையவை அல்ல. அவருக்குச் சுமார் நானூறு ஆண்டுகள் முன் ஆண்ட மூன்றாம் அமெனெம்ஹெத்தின் முடிசூட்டு வாசகம் சில கல் துண்டுகளில் கிடைத்திருக்கிறது. ஹட்ஷெப்சுட்டின் வாசகம் பல இடங்களில் அதை வரிக்கு வரி ஒத்துப்போகிறது. பழைய பத்திரத்தை எடுத்துப் பெயரை மட்டும் மாற்றி நகலெடுக்கும் வழக்கம் அங்கேயும் இருந்திருக்கிறது. முடிசூட்டு நாளாகப் புத்தாண்டின் முதல் நாள் குறிக்கப்பட்டிருப்பதையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். மன்னர் எப்போது இறப்பார் என்பது யார் கையிலும் இல்லை. அடுத்தவர் உடனே அரியணை ஏறிவிடுவார். முடிசூட்டு விழாவுக்குத்தான் நல்ல நாள் பார்க்கலாம். கையேடுகள் இந்த இரண்டு தேதிகளையும் போட்டுக் குழப்புகின்றன.

ஒரு சின்ன எழுத்தையும் காட்டிவிடுகிறேன். அரை வட்டமாக, பாதியாக வெட்டிய இட்லிபோல இருக்கும் குறி. உண்மையில் அது ஒரு ரொட்டி. ஒலி 'த்'. எகிப்திய மொழியில் பெண்பாலுக்கு இந்த விகுதிதான். எகிப்தின் பட எழுத்தைப் படிக்கும் வழியைக் கண்டுபிடித்த பிரெஞ்சு அறிஞர் ஷாம்போலியோன் 1829இல் இந்தக் கோயிலுக்கு வந்தபோது, தாடியும் மன்னர் உடையுமாக நிற்கும் உருவத்தின் பக்கத்தில் பெண்பால் விகுதியோடு வாசகங்கள் இருப்பதைப் பார்த்துத் திகைத்துப்போனார். பின்னாளில் ஹட்ஷெப்சுட்டின் உருவங்களை உளி வைத்துக் கொத்தி எடுத்துவிட்டார்கள். ஆனால் பல இடங்களில் ரொட்டித் துண்டுகளைக் கவனிக்காமல் விட்டுவிட்டார்கள். கொத்தியதற்குக் காரணம் சித்தியின் மேல் மகனுக்கிருந்த ஆத்திரம் என்று இன்னமும் சொல்கிறார்கள். ஆத்திரம் இருபது ஆண்டுகள் காத்திருக்குமா? அந்த வேலை மூன்றாம் துத்மோஸின் ஆட்சிக் கடைசியில்தான் நடந்தது. அவரும் சும்மா இருக்கவில்லை. தாம் சிறுவனாகக் கோயில் பணியில் இருந்தபோது, ஊர்வலம் வந்த ஆமுன் தெய்வத்தின் சிலை தம்மைத் தேடிச் சுற்றிவந்து முன்னால் நின்றது என்று லக்சரின் கர்னாக் கோயிலில் எழுதி வைத்தார். அதுவும் மன்னராகிப் பல ஆண்டுகள் கழித்து எழுதியதே.

இவ்வளவு ஆரவாரத்துக்கு நடுவில் எனக்கு மிகவும் பிடித்த ஆவணம் ஒரு சுற்றறிக்கை. கி.மு. 1500ஐ ஒட்டி முதலாம் துத்மோஸ் மன்னரானபோது, தெற்கே நுபியாவில் இருந்த ஆளுநர் தூரிக்கு அரண்மனையிலிருந்து ஓர் ஆணை போனது. அவர் அதைக் கல்லில் வெட்டி நிறுத்தினார்; குப்பான், வாதி ஹல்ஃபா ஆகிய இடங்களில் பிரதிகள் கிடைத்தன. முதலாம் ஆட்சியாண்டு, பெரெத் பருவத்தின் மூன்றாம் மாதம், 21ஆம் நாள் என்று தேதி இருக்கிறது. நான் ஹோரஸ் தெய்வத்தின் அரியணையில் மன்னனாகத் தோன்றிவிட்டேன் என்பதைத் தெரிவிக்கவே இந்த ஆணை என்கிறது. பின்னர் மன்னரின் ஐந்து பெயர்களையும் வரிசையாகத் தருகிறது. தெற்கே அஸ்வானில் உள்ள எலிஃபன்டைன் தீவின் தெய்வங்களுக்குப் படையல் இடும்போது இந்தப் பெயரைச் சொல்ல வேண்டும், சத்தியப் பிரமாணமும் இனி இந்தப் பெயரிலேயே நடக்க வேண்டும் என்று பணிக்கிறது. அரண்மனையில் எல்லோரும் நலம் என்று முடித்துக்கொள்கிறது.

கனவும் இல்லை, நகர்ந்து வந்த சிலையும் இல்லை. புது மன்னர் வந்துவிட்டார், படையலில் சொல்லும் பெயரையும் பிரமாண வாசகத்தையும் மாற்றிக்கொள்ளுங்கள் என்ற அலுவலகக் கடிதம். அதில் ஒரு வரியை மட்டும் நான் பயணிகளுக்கு நிறுத்திப் படித்துக் காட்டுவேன். பிரமாணம் "அரச அன்னை செனிசெனெப் பெற்றெடுத்த" மன்னரின் பெயரால் நடக்க வேண்டும். தாயின் பெயர் இருக்கிறது. தந்தையின் பெயர் இல்லை. முந்தைய மன்னர் முதலாம் அமென்ஹோதெப்பின் மகன் என்று எழுத முடிந்திருந்தால் எழுதாமல் விட்டிருப்பார்களா?

ஹோரெம்ஹெப் விஷயத்தில் இந்த ஐயத்துக்கே இடமில்லை. துட்டன்காமுனின் படைத்தளபதி அவர். அரச ரத்தம் கிடையாது. அவருடைய முடிசூட்டு வாசகம் இத்தாலியின் டுரின் அருங்காட்சியகத்தில், அவரும் அரசி முத்நெஜ்மெத்தும் அமர்ந்திருக்கும் சிலையின் முதுகில் இருக்கிறது. சொந்த ஊர்த் தெய்வமான ஹோரஸ் அவரை ஆமுனின் ஓபெத் திருவிழாவுக்குக் கூட்டிப்போய் ஆமுனிடம் ஒப்படைத்ததாம். நடுவில் ஆண்ட ஆய் மன்னரைப் பற்றிப் பேச்சே இல்லை. கோயில்கள் பாழாய்க் கிடந்ததையும் அவை மீட்கப்பட்டதையும் சொல்லும் துட்டன்காமுனின் கல்வெட்டு 1905இல் கர்னாக்கில் கிடைத்தது. அதில் துட்டன்காமுன் பெயர் இருந்த இடத்தில் ஹோரெம்ஹெப் தம் பெயரை வெட்டிக்கொண்டார். கெய்ரோவில் எந்தப் பெயர் வெட்டப்பட்டிருக்கிறது என்று பார்க்காமலே "இது துட்டன்காமுனுடையது" என்று படம் எடுத்துப்போகிறவர்கள் ஏராளம்.

ஹோரெம்ஹெப்பின் பேராணையை மட்டும் நான் வேறு விதமாகப் படிக்கிறேன். கர்னாக்கின் பத்தாம் கோபுர வாயில் அருகே நின்ற கல் அது. வரி கட்டப் போகும் ஏழையின் படகைப் பறித்தால் மூக்கை அறுத்து எல்லைக் கோட்டையான ஜாருவுக்கு நாடு கடத்த வேண்டும். குடியானவனிடம் தோல்களைப் பிடுங்கும் படைவீரனுக்கு நூறு அடியும் ஐந்து ரத்தக் காயமும். இந்தத் தண்டனைகள் நிறைவேற்றப்பட்டன என்பதற்கு இந்தக் கல் ஆதாரம் ஆகாது. ஆனால் படகும் தோலும் பறிபோய்க்கொண்டிருந்தன என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி கிடைக்காது. நடக்காத குற்றத்துக்கு யாரும் இவ்வளவு நுணுக்கமாகத் தண்டனை எழுதமாட்டார்கள்.

ரோசெட்டா கல்லைப் பற்றியும் ஒரு திருத்தம். "ஐந்தாம் தாலமி மன்னரின் ஆணை" என்று எல்லா இடத்திலும் படிக்கிறோம். கி.மு. 196இல் மெம்ஃபிசில் கூடிய குருமார்கள் நிறைவேற்றிய தீர்மானம் அது. மன்னர் பதின்ம வயதுச் சிறுவன். வரிச் சலுகை, ஆண்டுதோறும் அலெக்சாண்டிரியாவுக்குப் பயணப்பட வேண்டியதில்லை என்ற விலக்கு என்று குருமார்கள் பெற்றுக்கொண்டதன் பட்டியலும், அதற்கு ஈடாக மன்னருக்குச் செய்யும் மரியாதைகளும் அதில் இருக்கின்றன. சிறுவன் மகுடத்தோடு புகழப்பட்ட அதே சமயத்தில் தெற்கே தீப்ஸ் நகரம் கிளர்ச்சியாளர்களின் கையில் இருந்தது. அவர்கள் தங்களுக்கென்று தனி பாரோவையே வைத்திருந்தார்கள். கிளர்ச்சி முழுதாக அடங்கியது கி.மு. 186இல்.

கடைத்தெருவில் நீள்வட்ட வளையத்துக்குள் உங்கள் பெயரைப் பொறித்துத் தரும் பதக்கம் தாராளமாக வாங்குங்கள். என் மகளுக்கும் ஒன்று வாங்கினேன். மன்னரின் ஐந்து பெயர்களில் கடைசி இரண்டு மட்டுமே அந்த வளையத்துக்குள் வரும் என்பதை நினைவில் வைத்தால், எந்தச் சுவரிலும் யார் பெயர், யார் மேல் யார் வெட்டியது என்று நீங்களே தேடத் தொடங்கலாம். வாழை நாரில் செய்து பாபிரஸ் என்று விற்பதை வாங்காதீர்கள். யாராவது ரகசியமாக எழுத்துப் பொறித்த கல் துண்டை நீட்டினால் கையால்கூடத் தொடாதீர்கள். போலியாக இருந்தால் பணம் போகும். அசலாக இருந்தால் 1983ஆம் ஆண்டின் 117ஆம் சட்டப்படி சிறைக்குப் போக நேரிடும்.

அந்தப் பயணத்தின் ஆறாம் நாள் அபிடோசுக்குப் போனோம். முதலாம் சேத்தியின் கோயில் நடையில், முதல் மன்னர் மேனியில் தொடங்கி சேத்தி வரை 76 மன்னர் பெயர்கள் வளையம் வளையமாக இருக்கின்றன. சார்பதிவாளர் சுவரைத் தொடாமல் விரலை மட்டும் நகர்த்திக்கொண்டே வந்தார். நான் ஒவ்வொன்றாகப் படித்தேன். இரண்டாம் துத்மோஸ், அடுத்தது மூன்றாம் துத்மோஸ். இரண்டு பெயர் தாண்டி மூன்றாம் அமென்ஹோதெப்; அடுத்தது ஹோரெம்ஹெப்.

"அந்த அம்மா இல்லையே."

"இல்லை ஐயா. அகெனாதென் இல்லை, துட்டன்காமுன் இல்லை, ஆயும் இல்லை."

"எழுதி வைத்தவருடைய தாத்தா ராஜாவா?"

"படை அதிகாரி ஐயா. அப்பா ஹோரெம்ஹெப்பின் அமைச்சர். ஹோரெம்ஹெப்புக்குப் பிள்ளை இல்லாததால் ராஜாவானவர்."

அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துண்டால் துடைத்து மாட்டிக்கொண்டு, முதல் வளையத்திலிருந்து மறுபடியும் எண்ணத் தொடங்கினார். பஸ் கிளம்பும் நேரம் ஆகிவிட்டதை நான் சொல்லவில்லை.