ஒட்டிக்கொண்ட பிறகே வேலை செய்யும் களிம்பு

வாசகி ஒருவர் கேட்டிருந்தார்: “பல மாதமாக முகத்தில் ஸ்டீராய்டு களிம்பு பூசி வந்தேன். நிறுத்தினால் முன்பைவிட அதிகமாகச் சிவக்கிறது. ரோசேசியா என்று சொல்லி டாக்டர் டாக்ரோலிமஸ் களிம்பு எழுதிக் கொடுத்திருக்கிறார். சிறுநீரக மாற்று அறுவை சிகிச்சை செய்தவர்களுக்குக் கொடுக்கும் மருந்தாமே! முகத்தில் பூசலாமா?”

பயம் நியாயமானதுதான். இரண்டும் ஒரே மருந்து.

ரோசேசியாவில் கன்னமும் மூக்கும் சிவந்து, மெல்லிய ரத்தக் குழாய்கள் வெளியே தெரியும். சிலருக்குச் சிறு பருக்களும் வரும். மூக்கு சிவந்தவரைப் பார்த்ததும் குடிகாரர் என்று முடிவு கட்டுகிறார்களே, அது கொடுமை. மதுவைத் தொட்டே பார்க்காதவருக்கும் இது வரும். ஸ்டீராய்டு பூசினால் ரத்தக் குழாய்கள் சுருங்கி, சிவப்பு சட்டென்று மறையும். ஆனால் மாதக்கணக்கில் பூசும்போது தோல் மெலியும். நிறுத்தியதும் சுருங்கிய குழாய்கள் விரிந்துகொள்ளும். வாசகிக்கு நடந்திருப்பது அநேகமாக இதுதான்.

சரி, டாக்ரோலிமஸ் என்ன செய்கிறது? எனக்கு மிகவும் பிடித்த இடம் இது, கொஞ்சம் நிதானமாகவே பார்ப்போம்.

டி செல் என்பது ஒரு வகை வெள்ளை அணு. அந்நியப் பொருள் ஒன்றை அது அடையாளம் கண்டதும் அதற்குள் கால்சியம் ஏறுகிறது. கால்சியம் ஏறினால் கால்சிநியூரின் என்ற நொதி விழித்துக்கொள்ளும். அதன் வேலை, என்ஃபேட் என்ற புரதத்தின் மேல் ஒட்டியிருக்கும் பாஸ்பேட்டுகளை வெட்டி எடுப்பது. பாஸ்பேட் இருக்கும்வரை என்ஃபேட் செல்லின் உட்கருவுக்குள் போக முடியாது. வெட்டப்பட்டதும் உள்ளே போய், இன்டர்லூகின்-2 போன்ற அழற்சிச் செய்திகளை எழுதும் மரபணுக்களைத் தட்டி எழுப்பும்.

டாக்ரோலிமஸ் நேராகப் போய்க் கால்சிநியூரினைப் பிடித்துவிடும் என்றுதானே நினைப்போம்? அதனால் முடியாது. முதலில் எஃப்கேபிபி-12 என்ற சின்னப் புரதத்தின் குழிக்குள் போய் உட்கார்ந்துகொள்கிறது. மற்ற புரதங்கள் சரியாக மடிய உதவுகிற சாதுவான புரதம் அது. அதற்கும் கால்சிநியூரினைப் பிடிக்கத் தெரியாது. ஆனால் இரண்டும் சேர்ந்ததும், தனித்தனியே இருந்தபோது இல்லாத ஒரு புதிய முகப்பு உருவாகிறது. அந்த முகப்புதான் கால்சிநியூரினில் கச்சிதமாகப் பொருந்துகிறது. அதுவும் எங்கே பொருந்துகிறது? வெட்டும் இடத்திலேயே அல்ல, அதன் வாசலில். நொதியின் கத்தி மழுங்குவதில்லை. சோதனைக் குழாயில் சின்ன மூலக்கூறுகளைக் கொடுத்தால் வெட்டத்தான் செய்கிறது. என்ஃபேட் போன்ற பெரிய புரதம்தான் வாசலைத் தாண்ட முடியாமல் வெளியே நின்றுவிடுகிறது. பாஸ்பேட் வெட்டப்படாததால் அது உட்கருவுக்குள் போக முடியாது, அழற்சிச் செய்தியும் எழுதப்படாது.

ஹார்வர்டில் ஸ்டூவர்ட் ஷ்ரைபரின் குழுவினர் 1991இல் இதைக் கண்டுபிடித்தார்கள். ஒரு பூஞ்சையிலிருந்து வந்த சைக்ளோஸ்போரின் என்ற இன்னொரு மருந்து வடிவத்திலேயே வேறானது, கைகோர்க்கும் புரதமும் வேறு. ஆனாலும் அது வந்து நிற்பது இதே கால்சிநியூரினிடம்தான்! டாக்ரோலிமஸோ, ஜப்பானின் சுகுபா மலையடிவார மண்ணில் இருந்த பாக்டீரியாவிடமிருந்து 1984இல் கிடைத்தது. மண்ணைக் கிளறுவதற்கெல்லாம் பணமா என்று கேட்பவர்களிடம் நான் இந்தக் கதையைத்தான் சொல்வேன். அடிப்படை ஆராய்ச்சிக்குக் கொடுக்கும் பணம் எந்த வழியாகத் திரும்பி வரும் என்று முன்கூட்டி யாராலும் சொல்ல முடியாது.

ஸ்டீராய்டு போல் இது கொலாஜன் உற்பத்தியைக் குறைப்பதில்லை, அதனால் தோல் மெலிவதில்லை. மூலக்கூறு எடை 800க்குச் சற்று மேல். தோலை எளிதாகக் கடப்பவை பெரும்பாலும் 500க்குள் இருப்பவை. ஆகவே புண்பட்ட தோலில் ஓரளவு இறங்கும், ஆறிய தோலில் குறைவாகவே இறங்கும். ரத்தத்தில் கலப்பது மிகச் சொற்பம். புற்றுநோய் அபாயம் பற்றி 2006இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ, மருந்துக் குறிப்பில் கட்டம் கட்டி எச்சரிக்கை போட வைத்தது உண்மை. ஆனால் களிம்புதான் காரணம் என்று நிரூபிக்கப்படவில்லை.

பூசிய முதல் சில நாட்கள் கன்னத்தில் மிளகாய் பட்டதுபோல் எரியும். மிளகாயின் காரத்தை உணரும், நரம்பிலுள்ள அதே உணர்விதான் இங்கேயும் தூண்டப்படுகிறது. பெரும்பாலும் ஒரு வாரத்தில் அடங்கிவிடும்.

அப்புறம், ஒன்றை மறைக்கக் கூடாது. ரோசேசியாவுக்கென்று இந்தக் களிம்பு அங்கீகரிக்கப்படவில்லை, அங்கீகாரம் எக்ஸிமாவுக்குத்தான். ரோசேசியாவில் பெரும்பங்கு டி செல்களுடையது அல்ல, கேத்தலிசிடின் போன்ற பிறவி எதிர்ப்புசக்தியின் ஆயுதங்களுடையது. ஸ்டீராய்டால் கிளம்பிய சிவப்புக்கு டாக்ரோலிமஸ் நன்றாக உதவலாம். மற்ற ரோசேசியாவில் பலன் அவ்வளவு உறுதியில்லை. சிலருக்கு இந்தக் களிம்பே ரோசேசியா போன்ற பருக்களைக் கிளப்பியிருக்கிறது. எதிர்ப்பு குறைந்ததும் தோலில் வாழும் டெமோடெக்ஸ் உண்ணிகள் பெருகுவது அதற்கு ஒரு காரணமாக இருக்கலாம். மது குடித்ததும் முகம் குப்பென்று சிவப்பதும் இந்தக் களிம்பின் பக்கவிளைவுகளில் ஒன்று.

ஆக, வாசகி பூசலாம், டாக்டர் சொன்ன அளவில், சொன்ன காலத்துக்கு மட்டும். முதல் வார எரிச்சலுக்குப் பயந்து நிறுத்த வேண்டாம். சில வாரம் கழித்துப் புதிதாகப் பருக்கள் கிளம்பினால் மட்டும், இன்னும் கொஞ்சம் பூசிப் பார்ப்போம் என்று இருக்காமல், உடனே அவரிடம் முகத்தைக் காட்டிவிடுங்கள்.