சித்திரபுத்திரனாரின் கணக்கைத் திருத்த முடியுமா?

சித்திரைப் பௌர்ணமியன்று கோயிலில், எங்கள் பாவ புண்ணியக் கணக்கை எழுதும் சித்திரபுத்திரனாரின் கதை படித்து முடிந்து, கஞ்சிக்கு வரிசையில் நின்றபோது ஒரு பள்ளிக்கூடப் பையன் கேட்டான்: "சேர், யமலோகத்துக் கிளாக்கருக்குக் காசு குடுத்து எங்கட கணக்கை மாத்தினா சித்திரபுத்திரனாருக்குத் தெரியவருமோ?"

முன்னால் நின்ற ஆச்சி திரும்பி முறைத்தார். எனக்கோ கேள்வி பிடித்துக்கொண்டது. யமலோகம் இருக்கிறதோ இல்லையோ, இதற்கு விடை இருக்கிறது. ரால்ஃப் மெர்க்கிள் என்ற அமெரிக்கர் 1979 இலேயே அதற்குக் காப்புரிமை கேட்டு விண்ணப்பித்துவிட்டார்.

கணக்கு இப்படி என்று வைப்போம்: "இன்னார், வேலியின் பூவரசங் கதியாலை அயலவர் காணிக்குள் ஒரு முழம் அரக்கி நட்டார்." காசு வாங்கிய கிளாக்கர் 'முழம்' என்பதைச் 'சாண்' ஆக்குகிறார். பேரேட்டில் அடித்தல் திருத்தல் ஒன்றும் தெரியாது. எப்படிப் பிடிப்பது?

முதலில் ஹாஷ். எந்த எழுத்தையும் 256 பிட் (பிட் என்பது 0 அல்லது 1) நீளமான ஓர் எண்ணாக அரைத்துத் தரும் கணக்கு முறை இது. ஒடியலை இடித்து மாவாக்கலாம், மாவிலிருந்து ஒடியலை எடுக்க முடியாது, அதுபோலத்தான். ஒரேயொரு எழுத்தை மாற்றினாலும் ஏறத்தாழப் பாதிப் பிட்டுகள் புரண்டுவிடும். முழத்தின் ஹாஷுக்கும் சாணின் ஹாஷுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. உள்ளே நடக்கும் கூட்டல் புரட்டல்களை இங்கே விட்டுவிடுகிறேன்.

அழகு இதற்கு மேல்தான். எட்டுப் பேரின் கணக்குகள் இருக்கின்றன. எட்டுக்கும் எட்டு ஹாஷ். அடுத்தடுத்த இரண்டைப் பக்கத்தில் வைத்து மறுபடி ஹாஷ் எடுத்தால் நான்கு. அந்த நான்கிலிருந்து இரண்டு. இரண்டிலிருந்து ஒன்று. தூதர் கையில் கணக்கு, அதற்கு மேல் கந்தோர், அதற்கு மேல் கச்சேரி, உச்சியில் சித்திரபுத்திரனாரின் மேசையில் ஒரேயொரு எண். அடியில் முழம் சாணானால் அதற்கு மேலுள்ள ஒவ்வொரு படியும் மாறி, உச்சி எண்ணும் மாறிவிடும்.

"அப்ப உச்சி எண்ணையும் மாத்திறது!" என்றான் பையன். கெட்டிக்காரன். ஆகவே அந்த எண்ணை ஊரறியச் செய்துவிட வேண்டும். ஹேபர், ஸ்டோர்னெட்டா என்ற இருவர் ஆவணங்களுக்கு இதைத்தான் செய்தார்கள்: 1995 முதல் வாராவாரம் நியூயோர்க் டைம்ஸ் விளம்பரப் பகுதியில் ஒரு ஹாஷ் வெளிவந்தது. எங்கள் ஊரென்றால் மரண அறிவித்தல் பக்கத்தில் போடலாம். அதை வாசிக்காத வீடு இல்லை. பிறகு கிளாக்கர் கணக்கைத் திருத்துவதென்றால், அச்சான அத்தனை பிரதிகளையும், திருவிழாவில் கச்சான் சுற்றிக் கொடுத்த தாளையும் சேர்த்துத் தேடிப் பிடிக்க வேண்டும்.

எனக்கு மிகவும் பிடித்த இடம் இன்னும் வரவில்லை. நீங்கள் மூன்றாம் ஆள். உங்கள் கணக்கு திருத்தப்படாமல் இருக்கிறதென்று காட்ட முழுப் பேரேட்டையும் விரிக்கத் தேவையில்லை. நாலாம் ஆளின் ஹாஷ், முதல் இருவரின் கூட்டு ஹாஷ், கடைசி நால்வரின் கூட்டு ஹாஷ் ஆகிய மூன்றும் போதும். உங்களுடையதோடு அவற்றை ஒவ்வொன்றாகச் சேர்த்து ஏறிப்போனால், பத்திரிகையில் வந்த எண் வந்து நிற்கும். எட்டுப் பேருக்கு மூன்று. பதினாறு பேருக்கு நான்கு. ஆட்தொகை இரட்டிக்க, ஒரேயொரு ஹாஷ் கூடும். உலகத்தின் 800 கோடி பேருக்கும் 33 போதும். முப்பத்து முக்கோடி தேவர்களும் தேவையில்லை, முப்பத்து மூன்று எண்கள். ஒரு கொப்பித் தாளில் எழுதிவிடலாம்.

இதில் அயலவரின் பாவம் என்னவென்று உங்களுக்குத் தெரியவும் வராது. யாழ்ப்பாணத்தில் இதைக் குறையென்று சொல்வோரும் இருப்பர். அவர்கள் ஊகித்து ஊகித்து ஹாஷ் எடுத்துப் பார்க்காமலிருக்க, ஒவ்வொரு கணக்கோடும் ஓர் இரகசிய எழுமாற்று எண்ணைச் சேர்த்து அரைப்பார்கள்.

ஒன்று சொல்லத்தான் வேண்டும். என் வாழ்க்கை முழுவதும் முன்பே ஓலையில் எழுதியிருக்கிறது என்னும் நாடி சோதிடரிடம் நான் கேட்பது இதுதான்: நான் வருவதற்கு முதல் அந்த ஓலையின் ஹாஷைப் பத்திரிகையில் போடுங்கள். இதுவரை யாரும் சம்மதிக்கவில்லை.

ஆனால் ஹாஷ் காவல்காரன் அல்ல. திருட்டைச் சொல்லும், தடுக்காது. 1981 இல் எரிந்த எங்கள் நூலகத்தின் 97,000 நூல்களுக்கும் ஹாஷ் இருந்திருந்தாலும் ஒரு பக்கம்கூடத் திரும்பி வந்திராது. அதற்குப் பிரதிகள் வேண்டும், வேறு வேறு ஊர்களில். புதுச் செயலி ஒன்றின் திறப்பு விழாவுக்குக் காசு கிடைக்கிறது. பழைய பதிவேடுகளை இருந்து ஒளிவருடக் கிடைப்பதில்லை என்பது என் மனத்தாங்கல்.

இன்னொன்று, முதலில் எழுதியதே பிழையென்றால் அந்தப் பிழையையும் இந்த முறை பத்திரமாகக் காக்கும். என் பிறப்புச் சான்றிதழில் அப்பாவின் பெயரில் ஓர் எழுத்துக் குறைவு. அதற்கு ஹாஷ் எடுத்திருந்தால் அந்தக் குறையும் அசையாமல் இருந்திருக்கும்.

பையன் கஞ்சியை ஊதிக்கொண்டே கேட்டான்: "கதியாலை ஒருத்தரும் அரக்கேல்லை, பூவரசு தானாப் பருத்து அங்கால போனதெண்டா?" அதை 33 ஹாஷாலும் சொல்ல முடியாது. நில அளவையாளரைத்தான் கூப்பிட வேண்டும்.