கேண்டி: கற்கண்டா, மிட்டாயா?

'ஹார்ட் கேண்டி'யைப் பலரும் கற்கண்டு என்றே தமிழாக்குகிறார்கள். சொல்லுறவைப் பார்த்தால் பொருத்தம்தான். பண்டத்தைப் பார்த்தால் பிழை.

துண்டு, சர்க்கரைக் கட்டி என்று பொருள்படும் வடமொழிக் 'கண்டம்' பாரசீகத்தில் 'கந்த்' ஆனது. அது அரபு, பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்தில் கேண்டி ஆயிற்று. நம் 'கண்டு'ம் இந்தக் குடும்பம்தான். கட்டு, கட்டி என்னும் திராவிட வேரிலிருந்து வடமொழி எடுத்துக்கொண்ட சொல்தான் 'கண்டம்' என்பாரும் உண்டு. அந்த வழக்கு இன்னும் தீரவில்லை.

கற்கண்டு படிகம். அடர்ந்த பாகில் நூலைத் தொங்கவிட்டு நாள்கணக்கில் அசைக்காமல் வைத்தால் சர்க்கரை பட்டை பட்டையாகக் கட்டும். ஹார்ட் கேண்டியோ, படிகம் கட்டவே விடாமல் இறுக வைத்த பாகு; கண்ணாடி மாதிரி. ஆரஞ்சு மிட்டாய் இந்த வகை. மேலே தூவிய சர்க்கரையைக் கழுவிவிட்டு வெளிச்சத்தில் பிடித்தால் தெரியும்.

வீட்டில் செய்யும்போது இந்த வேறுபாடு கைக்கே புரியும். சர்க்கரை 400 கிராம், லிக்விட் குளுக்கோஸ் 200 கிராம், தண்ணீர் 180 மில்லி. படிகம் கட்டாமல் தடுப்பது குளுக்கோஸ்தான். கரையும்வரை கிளறலாம், கொதி வந்தபின் கரண்டியே படக்கூடாது. பாத்திர விளிம்பில் ஒட்டிய சர்க்கரை உள்ளே விழுந்தால் அதைப் பற்றிக்கொண்டு மொத்தப் பாகும் பூத்துவிடும். ஈரத் தூரிகையால் விளிம்பை வழித்துவிடுங்கள். 150 டிகிரி செல்சியஸில் இறக்க வேண்டும். வெப்பமானி இல்லையென்றால் கடலை மிட்டாய்க்குப் பார்க்கிற பதம்தான்: குளிர்ந்த நீரில் விட்ட சொட்டு 'டக்'கென்று ஒடிய வேண்டும். வளைந்தால் இன்னும் கொதிக்கட்டும்.

கொதி அடங்கியபின் நிறமும், எண்ணெயில் கரைத்த ஆரஞ்சு எசென்ஸ் 1 டீஸ்பூனும், சிட்ரிக் அமிலம் 1 டீஸ்பூனும். எசென்ஸை முன்பே விட்டால் மணம் ஆவியோடு போய்விடும். அமிலத்தை முன்பே போட்டால் அது சர்க்கரையைப் பிளந்துவிடும். மிட்டாய் ஆறியும் பிசுபிசுக்கும். நெய் தடவிய தட்டில் ஊற்றி, இறுகுமுன் கத்தியால் கோடு போடுங்கள். ஆறியதும் காற்றுப் புகாத டப்பா; மழைக்காலத்தில் வெளியே கிடந்தால் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும்.

'மிட்டாய்', இந்தி-உருது 'மிடாயி'யிலிருந்து வந்தது; இனிப்பு என்னும் 'மீட்டா' அதன் அடி. அங்கே லட்டும் ஜிலேபியும்கூட அதில் அடங்கும். தமிழில் பொருள் சுருங்கி, பெரும்பாலும் கையில் எடுத்து வாயில் போட்டுக்கொள்ளும் சின்னப் பண்டங்களைக் குறிக்கிறது. பழைய அகலம் 'மிட்டாய்க்கடை'யில் மட்டும் மிச்சமிருக்கிறது.

ஆகவே ஹார்ட் கேண்டிக்குக் 'கெட்டி மிட்டாய்' போதும். 'ராக் கேண்டி' வருமிடத்தில் கற்கண்டு என்று எழுதுங்கள்.