பன்முடிவு: ‘எண்டிங் அன்லாக்’ ஆனதைத் தமிழில் எப்படிச் சொல்வது?

ஒரே கதைக்கு ஒன்றுக்கு மேற்பட்ட முடிவுகள் வைத்திருக்கும் வீடியோ கேமைத்தான் ‘மல்டிபிள் எண்டிங்’ உள்ள கேம் என்கிறார்கள். எந்த முடிவு யாருக்கு வரும் என்பது, ஆடுகிறவர் வழியில் எதைச் செய்தார், எதைச் செய்யாமல் விட்டார் என்பதைப் பொறுத்தது. பல வகை விளையாட்டுகளில் இது உண்டு. ஆனால் புதிர்களை அவிழ்த்துக்கொண்டே போகிற உளவியல் திகில் விளையாட்டுகளில் இது நன்றாக வேர்பிடித்திருக்கிறது. கூடவே ஒட்டிக்கொண்டு வருவது ‘அன்லாக்’ என்ற வினை. எண்டிங்குக்குத் தமிழ் தேடுவது சுலபம். அன்லாக்கில்தான் சிக்கல்.

சுலபமானதை முதலில் முடித்துவிடலாம். ஆங்கில ‘எண்ட்’, வடமொழியின் ‘அந்த’ இரண்டும் ஒரே இந்தோ-ஐரோப்பிய வேரில் பிறந்தவை. அந்த வடமொழிச் சொல்தான் நம்மிடம் ‘ஆதி அந்தம்’ என்று புழங்குகிறது. ஆக எண்டிங்கும் அந்தமும் தூரத்துப் பங்காளிகள். தமிழின் சொந்தச் சொல் ‘முடிவு’. முடிதல் என்றால் தீர்ந்துபோதல். முடிதல் என்றால் கட்டுதலும். கூந்தலை முடிந்தாள், முந்தானையில் காசை முடிந்தாள் என்கிறோம். பிரெஞ்சுக்காரர்கள் கதையின் இறுதிக் கட்டத்தை ‘தெனூமாங்’ என்பார்கள். முடிச்சை அவிழ்ப்பது என்பது அதன் நேர்ப்பொருள். அவர்கள் கதை அவிழ்ந்து முடிகிறது, நம் கதை முடிந்து முடிகிறது.

இதைவிட முக்கியமான ஒன்று உண்டு. தமிழில் ‘முடிவு’ என்றால் தீர்மானமும்கூட. முடிவெடுக்கிறோம், முடிவை மாற்றிக்கொள்கிறோம், முடிவு சொல்கிறேன் என்று இழுத்தடிக்கிறோம். நீ எடுக்கிற முடிவுதான் உனக்கு வரும் முடிவு என்பதுதானே இந்த விளையாட்டுகளின் அடிப்படை? ஆங்கிலத்தில் இதைச் சொல்ல இரண்டு தனித்தனிச் சொற்கள் வேண்டும். நமக்கு ஒன்றே போதும். அதனால் மல்டிபிள் எண்டிங்குக்குப் ‘பன்முடிவு’ என்பதே என் வாக்கு. பல் + முகம் பன்முகம் ஆனது போல, பல் + முடிவு பன்முடிவு. ‘பல்முடிவு’ என்று பிரித்து எழுதினால் பல் வைத்தியரின் அறிக்கை மாதிரி இருக்கிறது. ‘தேர்வு முடிவு’ என்று யாராவது மொழிபெயர்த்தால் மே மாத வயிற்றுக்கலக்கம்தான் வரும்.

இந்த வழக்கத்தை வளர்த்ததில் ஜப்பானியருக்குப் பெரிய பங்கு. 1989இல் கேப்காம் வெளியிட்ட ‘ஸ்வீட் ஹோம்’ என்ற திகில் விளையாட்டில் ஐந்து பேர் ஒரு பேய் மாளிகைக்குள் போவார்கள். எத்தனை பேர் உயிரோடு மிஞ்சுகிறார்கள் என்பதற்கேற்ப முடிவு மாறும். 1995இல் வந்த ‘கிளாக் டவர்’ தன் முடிவுகளுக்குத் தரமே போட்டது: உச்சத்தில் எஸ், அப்புறம் ஏ, பி என்று எச் வரை இறங்கும். ஜப்பானியர்கள் ஆங்கிலத் துண்டுகளை ஒட்டி ‘மருச்சி எண்டிங்கு’ என்று தங்களுக்கொரு சொல்லே செய்துகொண்டார்கள். 1999இல் கொனாமியின் ‘சைலண்ட் ஹில்’ வந்தது. அதில் சிபில் என்ற பெண் போலீசைக் காப்பாற்றினோமா, டாக்டர் காஃப்மனின் கிளைக்கதையை முழுக்கப் பின்தொடர்ந்தோமா என்ற இரண்டு கேள்விகளிலிருந்து நான்கு முடிவுகள் கிளைக்கும். அந்த ஊர் முழுக்க மூடுபனி. அது ஓடிய பிளேஸ்டேஷன் கருவியால் தூரத்துக் காட்சிகளை வரைந்து காட்ட முடியாததால், அதை மறைக்கப் போட்ட திரை அது. கொடைக்கானல்காரர்களுக்கு அந்தக் காட்சி புதிதாக இருக்காது. ஏரியைச் சுற்றிப் போகும்போது மேகம் இறங்கினால், எதிரே நிற்பது மரமா காட்டெருமையா என்று தெரியாமல் நின்றவர்கள்தானே எல்லோரும்.

இனி ‘அன்லாக்’. பூட்டைத் திறப்பது என்பது நேர்ப்பொருள். கொடைக்கானல் இருப்பது திண்டுக்கல் மாவட்டத்தில். அடிவாரத்துத் திண்டுக்கல்லோ பூட்டுக்குப் பேர்போனது. 2019இல் திண்டுக்கல் பூட்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. ஆகவே பூட்டைப் பற்றி இந்தப் பக்கத்து ஆட்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. ‘பூட்டு’ என்ற வினைக்கு இணைத்தல், மாட்டுதல் என்று பொருள்: ஏர் பூட்டுவது, வில்லில் நாண் பூட்டுவது. ‘சாவி’ போர்ச்சுகீசியச் சொல்லிலிருந்து வந்தது. நம்முடையது திறவுகோல், இலங்கைத் தமிழர் இன்னும் அழகாகத் ‘திறப்பு’ என்பார்கள். வீடியோ கேமில் ‘அன்லாக்’ முன்பே இருந்த சொல்தான். 2005இல் எக்ஸ்பாக்ஸ் 360 என்ற விளையாட்டுக் கருவி வந்து, ஒவ்வொரு சாதனைக்கும் ‘அச்சீவ்மெண்ட் அன்லாக்டு’ என்று திரையில் அறிவிக்கத் தொடங்கியதும், அது எல்லோர் வாயிலும் ஏறிவிட்டது என்பது என் கணிப்பு.

சரி, ‘முடிவைத் திறந்தேன்’ என்று எழுதிவிடலாமே? அங்கேதான் எனக்கு இடிக்கிறது.

சீசன் முடிந்து ஜூலை மழை பிடித்துக்கொண்டால் கொடைக்கானலின் மூஞ்சிக்கல் பக்கத்து லாட்ஜ்களில் ரூம் எல்லாம் காலி. ரிசப்ஷன் பையன்கள் லேப்டாப்பில் திகில் கேமைப் போட்டுவிட்டுக் கம்பளியைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்துவிடுவார்கள். அவர்கள் பேச்சைக் கொஞ்சம் கவனியுங்கள். “மாப்ள, எனக்கு பேட் எண்டிங் விழுந்துருச்சுடா.” “நான்தான் அந்தக் கத்தியை எடுத்து எடுத்துப் பாக்காதன்னு சொன்னேன்ல.” “குட் எண்டிங் எப்படிடா அன்லாக் பண்றது?” நல்ல முடிவு என்றால் அன்லாக் பண்ணுகிறார்கள், கெட்ட முடிவு என்றால் அதுவாக விழுகிறது, தாயக்கட்டை விழுகிற மாதிரி. கெட்ட முடிவை ‘அன்லாக் பண்ணினேன்’ என்று, எல்லா முடிவையும் பார்த்துப் பட்டியலை நிரப்புகிறவனைத் தவிர யாரும் சொல்வதில்லை. தேடிப் போய்ப் பெறுவதற்கு ஒரு வினை, தன்னால் வந்து சேர்வதற்கு இன்னொரு வினை.

அந்தக் கத்தி எது என்று சொல்ல வேண்டுமானால் 2001இல் வந்த ‘சைலண்ட் ஹில் 2’க்குள் போக வேண்டும். இனி வருவது கதையைக் கொஞ்சம் உடைக்கும். ஆடப்போகிறவர்கள் அடுத்த பத்தியைத் தாண்டிவிடுங்கள்.

ஜேம்ஸ் என்பவனுக்கு, இறந்துபோன தன் மனைவி மேரியின் பெயரில் கடிதம் வருகிறது. அவளைத் தேடி அந்த ஊருக்கு வருகிறான். வழியில் ஏஞ்சலா என்ற பெண்ணின் கத்தி அவன் கைக்கு வருகிறது. அந்தக் கத்தியை ஆடுகிறவர் பையிலிருந்து எடுத்துப் பார்த்தால் கேம் அதைக் குறித்துக்கொள்கிறது. அடிபட்டும் மருந்து எடுக்காமல் நீண்ட நேரம் திரிந்தால் அதையும் குறித்துக்கொள்கிறது. இப்படிச் சேர்ந்துகொண்டே போனால், வாழ விருப்பமில்லாதவனின் முடிவு வரும். அதற்கு ‘இன் வாட்டர்’ என்று பெயர். மேரியின் படத்தையும் கடிதத்தையும் அவ்வப்போது எடுத்துப் பார்த்து, உடம்பையும் கவனித்துக்கொண்டால் ஊரை விட்டு வெளியேறும் ‘லீவ்’. மேரியைப் போலவே இருக்கும் மரியாவை ஒட்டியே நடந்து, அவளுக்கு அடிபடாமல் பார்த்துக்கொண்டால் மூன்றாவது முடிவு. ‘இதைச் செய்தால் அது வரும்’ என்று விளையாட்டு எங்கும் சொல்வதில்லை. பூட்டையும் காட்டுவதில்லை, சாவியையும் தருவதில்லை. தன்னைக் கவனிக்கிறார்கள் என்று ஆடுகிறவருக்கே தெரியாது. புதிர்களின் கடினத்தைத் தொடக்கத்திலேயே தனியாகத் தேர்ந்துகொள்ளலாம். கணக்குப் புலி எல்லாப் புதிரையும் ஒரு மூச்சில் போட்டுவிடலாம். ஆனால் எந்த முடிவு வரும் என்பதை அந்தப் புத்திசாலித்தனம் தீர்மானிப்பதில்லை.

இதைத் ‘திறந்தேன்’ என்று எப்படிச் சொல்வது? தமிழில் இதற்கென்றே இருப்பது போல ஒரு வினை உண்டு: ‘வாய்த்தல்’. நல்ல துணை வாய்த்தது, எனக்கென்று வந்து வாய்த்திருக்கிறானே என்றெல்லாம் அன்றாடம் சொல்கிறோம். நல்லதற்கும் பொருந்தும், கெட்டதற்கும் பொருந்தும். கேட்டு வாங்கியதும் இல்லை, முற்றிலும் தற்செயலும் இல்லை. நம் நடத்தைக்கும் அதற்கும் ஏதோ கணக்கு இருக்கிறது என்ற தொனி அதில் ஒட்டியிருக்கிறது. ‘எனக்கு இன் வாட்டர் முடிவுதான் வாய்த்தது’ என்று சொல்லிப் பாருங்கள், பொருந்துகிறது. திறத்தலை ஒதுக்க வேண்டாம். முதல் சுற்றை முடித்தால்தான் கிடைக்கும் என்று உண்மையிலேயே பூட்டிவைத்த முடிவுகள் உண்டு. அதே விளையாட்டில் ‘ரீபர்த்’ என்ற முடிவு முதல் சுற்றில் வராது. அதற்குத் ‘திறந்தது’ சரியான வினை. கடைசியில் இரண்டு பொத்தானைக் காட்டி இதுவா அதுவா என்று கேட்கும் விளையாட்டுகளில் ‘தேர்ந்தேன்’ என்றால் போதும். அவற்றை இந்த வகையில் சேர்ப்பதே எனக்கு அவ்வளவாகச் சம்மதமில்லை.

‘வாய்த்தது’, ‘தேர்ந்தேன்’ இரண்டுக்கும் நடுவில் நிற்கிற ஒன்றையும் சொல்ல வேண்டும். 2017இல் தைவானின் ரெட் கேண்டில் கேம்ஸ் வெளியிட்ட ‘டிடென்ஷன்’, 1960களில், ராணுவச் சட்ட ஆட்சிக் காலத்தில், ஒரு மலைப் பள்ளிக்கூடத்தில் நடக்கிறது. புயல், ஆளில்லாத வகுப்பறைகள், வெளியேற வழியில்லை. போர்டிங் ஸ்கூல் ஹாஸ்டலில் விடுமுறைக்கு முந்தின ராத்திரியைக் கழித்தவர்களுக்கு முதல் காட்சியே வேலையைக் காட்டிவிடும். அதில் முடிவு இரண்டுதான். கடைசிப் பகுதியில் கேட்கப்படும் கேள்விகளுக்கு, நாம் ஆடும் பாத்திரம் செய்ததை ஒப்புக்கொண்டு பதில் சொல்கிறோமா, மழுப்புகிறோமா என்பதில் அது பிரிகிறது. பொத்தான் என்னவோ நம் கையில்தான். ஆனால் பதில் முன்னாலேயே நமக்குள் தயாராகிவிட்டிருக்கும்.

பிரிகிற அந்த இடத்துக்கும் பெயர் வேண்டும். ‘பிராஞ்ச் பாயிண்ட்’ என்கிறார்கள். கிளைப்புள்ளி என்று எழுதினால் புரியும், ஆனால் சப்பென்று இருக்கிறது. சங்க இலக்கியத்தில் வழி பல கிளையாகப் பிரியும் இடத்துக்குக் ‘கவலை’ என்று பெயர். கவர்த்த வழி, அதாவது கவட்டையாகப் பிரியும் பாதை. மனக்கவலைக்கும் அதே சொல். எந்தப் பக்கம் போவது என்று தெரியாமல் நிற்பதும், நின்றுகொண்டு மனம் அலைவதும் ஒரே சொல்லுக்குள் அடங்குகின்றன. உளவியல் திகிலுக்கு இதைவிடப் பொருத்தமான கலைச்சொல்லை யாரும் உட்கார்ந்து யோசித்துச் செய்திருக்க முடியாது. புழக்கத்துக்கு வருமா என்றால் சந்தேகம்தான். கவலை என்றாலே கவலைதான் நினைவுக்கு வரும். ‘கவர்வழி’ என்றால் குழப்பமில்லை.

மலைபடுகடாமில் இன்னொன்றும் கிடைக்கிறது. மலைநாட்டு வழி தெரியாமல் வரும் கூத்தர்களுக்குச் சொல்லும் அறிவுரையில், சந்து பிரியும் இடத்தில் ‘புல் முடிந்து இடுமின்’ என்று வருகிறது. பின்னால் வருகிறவர் வழி தவறாதிருக்கப் புல்லை முடிச்சிட்டு அடையாளம் வைக்கச் சொல்கிறார் புலவர். பன்முடிவு விளையாட்டு ஆடுகிறவர்கள் ஒவ்வொரு கவர்வழிக்கும் முன்னால் தனி ‘சேவ்’ ஒன்று வைத்துக்கொள்வார்களே, அதேதான். திரும்பி வந்து மற்றப் பாதையில் போய்ப் பார்க்க. சேவுக்குத் தமிழ் வேண்டாம் என்பது என் கட்சி, அது தமிழாகிவிட்டது. ஆனால் அந்தப் புல் முடிச்சில் இருப்பதும் நம் ‘முடிதல்’தான் என்பதை மட்டும் சொல்லிவைக்கிறேன்.

திரும்ப முதலிலிருந்து ஆடும் சுற்றுக்கு ‘நியூ கேம் பிளஸ்’ என்று பெயர். 1995இல் வந்த ‘குரோனோ டிரிக்கர்’ என்ற விளையாட்டிலிருந்து பரவிய பெயர் அது; திகில் விளையாட்டு இல்லை, ஆனால் பன்முடிவுக்குப் பேர்போனது. கதை முடிந்த இடத்தில் சேர்த்ததை எல்லாம் வைத்துக்கொண்டு தொடக்கத்துக்குப் போவது. இதற்கு யோசிக்கவே வேண்டாம், ‘அந்தாதி’ இருக்கிறது. ஒரு பாட்டின் அந்தம் அடுத்த பாட்டுக்கு ஆதி. எண்டிங்கின் பங்காளியான அந்தம் இங்கே தானாகவே வந்து உட்கார்ந்துகொள்கிறது. ‘அந்தாதிச் சுற்று’ என்றால் கேட்கிற யாருக்கும் புரிந்துவிடும்.

‘ஹாரர்’ பற்றி இரண்டு வரி. லத்தீனில் அதன் வேருக்கு மயிர் சிலிர்த்து நிற்பது என்று பொருள், நம் மயிர்க்கூச்சு. ‘திகில்’ நன்றாகவே ஊன்றிவிட்டது, மாற்ற வேண்டாம். ‘உளவியல் திகில்’ என்று நீட்டாமல் ‘உளத்திகில்’ என்று சுருக்கலாம். தொல்காப்பியர் அச்சம் பிறக்கும் இடங்களை நான்காகச் சொன்னார்: அணங்கு, விலங்கு, கள்வர், இறை. பேய் மாளிகைக் கதை அணங்கில் அடங்கும். ராத்திரி ஏரிச்சாலையில் காட்டெருமை குறுக்கே வந்தால் விலங்கு. உளத்திகில் எதில் அடங்கும்? தண்டிக்கக் கூடியவர் மேல் உள்ள அச்சமான ‘இறை’தான் கிட்டத்தில் வருகிறது. ஆனால் ஜேம்ஸின் கதையில் தண்டிக்கிறவனும் அவன்தான், தண்டனைக்கு உரியவனும் அவன்தான்.

இத்தனை கனத்துக்கு நடுவில் கொனாமிக்காரர்கள் ஒரு குறும்பும் செய்து வைத்திருக்கிறார்கள். ‘சைலண்ட் ஹில் 2’இன் பூட்டிய முடிவுகளில் ஒன்றில், ஜேம்ஸ் கதவைத் திறந்து உள்ளே போனால், அவ்வளவு கொடுமையையும் கட்டுப்பாட்டு மேசையில் உட்கார்ந்து நடத்திக்கொண்டிருப்பது ஒரு ஷிபா இனு நாய். இது மாதிரியானதற்கு ‘ஜோக் எண்டிங்’ என்று பெயர். ‘நக்கல் முடிவு’ என்று எழுதினால் போதும்.